விசில் முடியும் முன் விழுந்த சாவி

ஒனெலியாவைப் பற்றி எழுத உட்கார்ந்தால் எனக்கு முதலில் வருவது கோபம்தான். மற்றதெல்லாம் அப்புறம். இருபத்தாறு வருஷம் ஒரே மேஜையின் இரண்டு பக்கமும் நின்று வேலை பார்த்தோம். அதில் அவள் என் முகத்தைப் பார்த்த நேரத்தைவிடக் குடுவையைப் பார்த்த நேரம்தான் அதிகம். அவளோடு ஒரே வீட்டில் வாழ வேண்டும் என்று நான் ஆசைப்பட்டேன். இதை மறைத்து என்ன ஆகப்போகிறது? ஹவானாவில் எங்களைத் தெரிந்த அத்தனை பேருக்கும் தெரிந்த விஷயம். வேலையிடத்துக் காவல்காரன்கூட, "என்ன தோழர் ரெய்னெரியோ, இந்த வருஷமாவது கல்யாணச் சாப்பாடு உண்டா?" என்று கேட்டுவிட்டுத்தான் கதவைத் திறப்பான்.

எங்கள் ஆய்வுக்கூடத்தில் செய்தது சர்க்கரை வேலை. காப்பியில் போடும் சர்க்கரை இல்லை. ஒரு தடுப்பூசிக்காகச் சர்க்கரை மூலக்கூறுகளை ஒன்றோடு ஒன்று கோத்துச் சங்கிலியாக்கும் வேலை. இரண்டு சர்க்கரைகளைச் சும்மா ஒரு குடுவையில் போட்டால் ஒன்றை ஒன்று திரும்பிக்கூடப் பார்க்காது. முதல் சர்க்கரையை மட்டும் தனியாகக் குடுவையில் போட்டு, உறைகுளிரில் வைத்து, ஒரு மருந்தைச் சொட்டிக் கிளப்பிவிட வேண்டும். துணை வருவதற்கு முன்னாலேயே அது தயாராகிவிடும். அதை முன்கூட்டியே எழுப்புவது என்போம். எழுந்த பிறகுதான் இரண்டாவது சர்க்கரையைச் சொட்டுச் சொட்டாக விட வேண்டும். கொஞ்சம் முந்தினால் ஒட்டாது. பிந்தினாலோ, எழுந்து நிற்கிற முதல் சர்க்கரை தானாகவே சிதைந்து பழுப்புக் கசண்டாகிவிடும்.

அந்தக் கொஞ்ச நேரத்தைக் கண்ணாலேயே பிடிப்பவள் ஒனெலியா. பட்டம் வாங்கியவள் இல்லை, தொழில்நுட்ப உதவியாளர்தான். ஆனால் எங்கள் தலைவி டாக்டர் சொராய்தாகூட, "ஒனெலியா சொன்னப்புறம் விடு" என்பாள். ஒனெலியா குடுவையை வெளிச்சத்தில் ஒரு பார்வை பார்ப்பாள். "இப்ப" என்பாள். அவ்வளவுதான். அவள் சொன்ன "இப்ப" ஒருநாளும் தப்பியதில்லை.

அவள் குடியிருந்தது லியால்தாத் தெருவில், மூன்றாவது மாடி. தெருக்கதவு எப்போதும் பூட்டியிருக்கும். அழைப்புமணி செத்து எத்தனையோ காலமாயிற்று. ஆகவே வந்தவர்கள் கீழே நின்று தொண்டைத் தண்ணீர் வற்றக் கத்த வேண்டும். மேலே கேட்டால் பால்கனியிலிருந்து ஒரு சாக்ஸுக்குள் சுருட்டிய சாவி விழும். அதைப் பொறுக்கிக் கதவைத் திறந்து, மாடி ஏறிப்போய் ஆணியில் திருப்பி மாட்ட வேண்டும். ஒனெலியா வீட்டில் பால்கனிக் கதவோரம் இரண்டு ஆணிகள். ஒன்றில் பழுப்புச் சாக்ஸ். அது என்னைப் போன்ற ஊரார்க்கு. இன்னொன்றில் நீலச் சாக்ஸ். அது அமௌரிக்கு மட்டும்.

அமௌரி அவள் கணவன், பஸ் மெக்கானிக், என்னோடு பள்ளிக்கூடத்தில் ஒரே பெஞ்சில் உட்கார்ந்தவன். அவன் பெயர் சொல்லிக் கூப்பிடமாட்டான். விசில் அடிப்பான். ஐந்து சுரம். நாலு மேலே ஏறும், கடைசி ஒன்று சட்டென்று இறங்கும். இங்கே ஒவ்வொரு குடும்பத்துக்கும் ஒரு விசில் உண்டு. அடுத்த வீட்டு விசிலை யாரும் எடுத்து அடிக்கமாட்டார்கள். பல்துலக்கும் பிரஷ்ஷை எடுப்பது போல அது.

தொண்ணூற்று நாலு ஆகஸ்டில் அமௌரி நாட்டைவிட்டு அக்கரைக்குப் போனான். அந்த மாதம் கடல் தாண்டித் தப்பிவிட ஊரே கரையில் நின்றது. மிதவைக்கு லாரி டியூப்கள் நாலு, கதவுப் பலகை ஒன்று, ஆட்கள் நாலு பேர். ஒனெலியாவின் அம்மா படுத்த படுக்கையாக இருந்ததால் அவளால் போக முடியவில்லை. "போய்ச் சேர்ந்ததும் சொல்லி அனுப்புறேன். இல்லன்னா நானே திரும்பி வந்து கீழ நிக்கிறேன்" என்றான். கொஹீமார் கரையில் அந்த டியூப்களைக் கட்டிய கயிறுகளில் ஒன்றில் முடிச்சுப் போட்டவன் நான். அந்த முடிச்சைப் பற்றி நான் யோசிக்காத நாள் இல்லை.

கரை சேர்ந்தவர்களின் பெயர்களை அக்கரை வானொலியில் வாசித்தார்கள். ஒனெலியா ஒரு பெயர் விடாமல் கேட்டாள். நாலு பேரில் ஒருவன் பெயரும் வரவில்லை. செத்தார்கள் என்றும் செய்தி இல்லை, இருக்கிறார்கள் என்றும் இல்லை. அடுத்த வருஷம் அவள் அம்மா போய்ச் சேர்ந்தாள். ஒனெலியா தனியானாள். நான் வியாழன்தோறும் வேலை முடிந்து ரொட்டி வாங்கிக்கொண்டு போய்க் கீழே நின்று கத்துவேன். மூன்று முறையாவது கத்தினால்தான் பழுப்புச் சாக்ஸ் விழும்.

அந்த நவம்பரில் ஒரு வியாழன். சைக்கிள் மிதித்து மிதித்து எனக்குத் தொண்டை காய்ந்திருந்தது. ஜலதோஷம் வேறு. "ஒனெலியா!" என்று கூப்பிட்டேன், காற்றுதான் வந்தது. வேறு எதையும் யோசிக்கவில்லை. உதட்டைக் குவித்து விசில் அடித்துவிட்டேன். பத்து வருஷம் அமௌரியின் பக்கத்தில் நின்று கேட்ட அதே விசில்.

மூன்றாவது சுரம் வாயில் இருக்கும்போதே சாவி என் காலடியில் விழுந்தது. நீலச் சாக்ஸ். ஐந்தும் முடியவில்லை, விழுந்துவிட்டது. அதன் பின்னாலேயே அவள் பால்கனிக்கு ஓடி வந்தாள். ஒரு கையில் மாவு. அவள் முகத்தை நான் அதற்கு முன்னாலும் அப்படிப் பார்த்ததில்லை, பின்னாலும் பார்த்ததில்லை. அந்த முகம் கீழே என்னைக் கண்டது.

சாவியைப் பொறுக்கிக்கொண்டு மேலே போனேன். கதவைத் திறந்து வைத்துவிட்டுச் சுவரைப் பார்த்து நின்றாள். சாவியை வாங்கி ஆணியில் மாட்டினாள். "ரொட்டிய வெச்சிட்டுப் போ" என்றாள். அவ்வளவுதான் பேச்சு. அதற்குப்பிறகு நாற்பது நாள் ஒரு வார்த்தை இல்லை. ஒரே மேஜை, எதிரெதிரே நாங்கள், நடுவில் குடுவை. "இப்ப" என்பதைக்கூடக் குடுவையிடம்தான் சொன்னாள். நான் செய்தது தப்புதான். ஆனால் நாற்பது நாளா? மனுஷனுக்கு மனுஷன் கொஞ்சம் இரக்கம் வேண்டாமா?

நாற்பத்தொன்றாம் நாள் கூடத்தில் ஒரு விபரீதம். முதல் சர்க்கரையை எழுப்பியாகிவிட்டது. இரண்டாவதை எடுத்தால் அதில் ஈரம். ஈரம் பட்ட சர்க்கரையை விட்டால் வேலை மொத்தமும் நாசம். திரும்ப உலர்த்த மூன்று மணி நேரம் ஆகும். எழுந்த சர்க்கரை அரைமணி நேரம் தாங்கினாலே பெரிய விஷயம்.

"கொட்டிடுங்க" என்றாள் டாக்டர் சொராய்தா. "மூணு மாச வேல போச்சு. என்ன பண்றது."

ஒனெலியா குடுவையை விடவில்லை. "இன்னும் குளிர வெச்சா நிக்கும்."

"எவ்வளவு நேரம்மா நிக்கும்? அதுக்கும் ஒரு அளவு இல்லியா?"

"தெரியாது, டாக்டர். கெடுற வரைக்கும் கெடல இல்ல?"

பிறகு என் பக்கம் திரும்பினாள். நாற்பது நாளுக்குப் பின் முதல் வார்த்தை: "ரெய், ட்ரை ஐஸ் தீருது."

எனக்கு வேறென்ன வேண்டும்? எங்கள் கிட்டங்கியில் ட்ரை ஐஸ் இல்லை. ஐஸ்கிரீம் ஆலையில் இருந்தது. என்னுடையது சீனச் சைக்கிள், எருமை கனம். அதில் நாலு தடவை போய் வந்தேன். ஆலைக்காரனிடம் என் மாமியாரின் பிரேதம் கெடாமல் இருக்க வேண்டும் என்று பொய் சொன்னேன். எனக்கு மாமியாரே கிடையாது. கேரியரில் வெள்ளைப் புகை கக்கிக்கொண்டு நான் போனதைப் பார்த்து, "கிழவா, உனக்கே தீப்பிடிச்சிருச்சு!" என்று பஸ்ஸிலிருந்து ஒருத்தி கத்தினாள். எனக்கு அப்போது முப்பத்தெட்டு வயது.

ஒனெலியா மூன்று மணி நேரமும் குடுவையை விட்டு நகரவில்லை. ஐஸை உடைத்து உடைத்துச் சுற்றிலும் போட்டாள். விரல் நுனி வெளுத்துப்போயிற்று. உலர்ந்த இரண்டாவது சர்க்கரை வந்ததும் ஒரு பார்வை பார்த்தாள். "இப்ப."

பாதி ஒட்டியிருந்தது. சரிபாதி. மீதி கசண்டு. "பாதி கெடைச்சதே பெரிசு" என்றாள் டாக்டர். ஒனெலியா கை கழுவப் போனாள். போகும்போது என் தோளைத் தட்டிவிட்டுப் போனாள். அந்த வியாழன் மறுபடி ரொட்டி வாங்கினேன்.

அதன் பிறகு வருஷத்துக்கு ஒருமுறை கேட்பேன். எனக்கு மரியானாவோவில் தரைவீடு, முற்றத்தில் ஒரு மாமரம், பக்கத்திலேயே பஸ் நிறுத்தம். அவளுக்கோ முழங்கால் போய்விட்டது. அவள் கட்டிடத்து மாடிப்படிக்கு மரத்தால் முட்டுக்கொடுத்து நிறுத்தியிருந்தார்கள்.

"என் வீட்டுக்கு வந்துடேன், ஒனெலியா. படியே கிடையாது."

"அங்க பால்கனி இருக்கா?"

"தரைவீட்டுல ஏது பால்கனி?"

"பாத்தியா."

"அவன் வந்தா விசாரிச்சு வரமாட்டானா? வாயில்லையா அவனுக்கு?"

"அவன் யாரையும் விசாரிக்கமாட்டான், ரெய். கீழ நின்னு விசில் அடிப்பான். சாவி விழலைன்னா போயிடுவான். உனக்குத் தெரியாதா அவன?"

எனக்குத் தெரியும். அதனால்தான் கோபம் இன்னும் கூடியது. தெருவில் அவளை இலவு காத்த கிளி என்று பேசினார்கள். பேசினால் பேசட்டும் என்று நான் விட்டுவிட முடியாது. அந்தக் கிளியைக் காத்துக்கொண்டிருந்த இன்னொரு கிளி நான். என்னைப் பற்றி என்ன பேசியிருப்பார்கள்!

இரண்டாயிரத்து எட்டில் மூளை ஆய்வு நிலையத்திலிருந்து எங்கள் கூடத்துக்கு ஒரு கடிதம் வந்தது. ஐம்பது வயது தாண்டிய ஆரோக்கியமானவர்கள் சோதனைக்கு வேண்டுமாம். வருபவர்களுக்குப் பன்றி வறுவல் வைத்த ரொட்டியும் மால்ட் பானமும். அந்த ரொட்டிக்காக நான் பெயர் கொடுத்தேன். நான் கொடுத்ததால் அவளும் கொடுத்தாள்.

தலையில் வயர் வைத்த தொப்பி. காதில் 'டிக்' என்று ஒரு சத்தம். கொஞ்ச நேரம் கழித்து எதிரே ஒரு விளக்கு எரியும். எரிந்ததும் பொத்தானை அழுத்த வேண்டும், அவ்வளவுதான். எங்களுக்குத் தொப்பி மாட்டிவிட்ட இளம்பெண் பிறகு திரையில் காட்டி விளக்கினாள். 'டிக்' கேட்டதுமே மூளையில் ஒரு அலை மெதுவாக எழும்புகிறது. விளக்கு எரிவதற்கு முன்னாலேயே கையை அசைக்கும் பகுதி தயாராகிவிடுகிறது. விளக்கு வந்ததும் அலை அடங்குகிறது.

"அப்புறம் உங்களுக்குச் சொல்லாமலே விளக்க நிறுத்திட்டோம்" என்று சிரித்தாள். "வெறும் 'டிக்' மட்டும். கொஞ்ச நேரத்துல மூளைக்குப் புரிஞ்சுபோகும். அலை எழும்புறது நின்னுடும். தாத்தாவுக்கு இருபதாவதுலயே நின்னுபோச்சு."

"பசி, கண்ணு. ரொட்டி வாசன வந்துச்சு" என்றேன்.

ஒனெலியாவின் தாளை எடுத்ததும் அந்தப் பெண் சிரிப்பை நிறுத்தினாள். முப்பதிலும் அலை எழும்பியிருந்தது. அறுபதிலும். நூற்றிருபது தடவை விளக்கில்லாத 'டிக்'. நூற்றிருபதாவதிலும் அதே உயரம். "மெஷின்ல கோளாறோன்னு ரெண்டு தடவ பாத்துட்டேன்" என்றாள். "அம்மா, விளக்கு வரலன்னு உங்களுக்குத் தெரிஞ்சுதுதான?"

"தெரிஞ்சுது."

"அப்புறமும் காத்திருந்தீங்களா?"

"வராதுன்னு யாரும் சொல்லலையே" என்றாள் ஒனெலியா.

என் கையில் இருந்த ரொட்டியை மேஜையில் வைத்துவிட்டேன். பதினாலு வருஷமாக அவளிடம் நான் என்னென்னவோ சொல்லியிருக்கிறேன். அவன் வரமாட்டான் என்று மட்டும் ஒருநாளும் சொன்னதில்லை. எப்படிச் சொல்வேன்? எனக்கும் தெரியாதே. முடிச்சுப் போட்டவன் நான்.

ஒனெலியா திரையிலேயே கண்ணாக இருந்தாள். "நாங்க கூடத்துல பண்றதும் இதேதாம்மா" என்று அந்தப் பெண்ணிடம் சொன்னாள். "துணை வர்றதுக்கு முன்னாடியே ஒண்ண எழுப்பி வெச்சுடுவோம்."

"துணை வரலைன்னா?"

"கெட்டுப்போகும்."

"எவ்வளவு நேரத்துல?"

"அது குளிரப் பொறுத்தது."

திரும்பும்போது பஸ்ஸில் என் பக்கத்தில் உட்கார்ந்தாள். மலேகோன் கடற்கரைச் சுவரைத் தாண்டி அலை தெருவில் தெறித்துக்கொண்டிருந்தது. அதைப் பார்த்துக்கொண்டே சொன்னாள்: "அன்னைக்கு நீ விசில் அடிச்சப்ப நான் சாவியப் போடல, ரெய். மாவு பெசஞ்சிட்டிருந்தேன். கை போட்டுருக்கு. அது விழுந்த சத்தம் கேட்டுத்தான் நானே ஓடி வந்தேன்."

பதின்மூன்று வருஷத்துக்குப் பிறகு மன்னிப்பு கிடைத்தது. வாங்கிக்கொண்டேன். ஆனால் உண்மையைச் சொல்ல வேண்டும், அன்றைக்கு எனக்கு அமௌரி மேல் வந்த பொறாமை அதற்கு முன் வந்ததே இல்லை. கடலின் அடியில் கிடக்கிறானோ, எங்கோ எவளோடோ குடித்தனம் நடத்துகிறானோ, அவனுக்காக ஒரு கை தானாகவே எழுகிறது. எனக்காக ஒரே ஒரு தடவை, நான் கூப்பிடுவதற்கு முன்னால், அந்தக் கை அசைந்தால் போதும் என்று இருந்தது. வீடு வேண்டாம், கல்யாணம் வேண்டாம். அதுமட்டும் வேண்டும். அந்த வருஷத்திலிருந்து தரைவீட்டைப் பற்றிக் கேட்பதை நிறுத்திவிட்டேன்.

இரண்டாயிரத்துப் பதினொன்றில் என் கழுத்தில் கட்டி வந்தது. குரல் நரம்பை அது சுற்றிக்கொண்டிருக்கிறது, கட்டியை எடுத்தால் குரல் போகும் என்று டாக்டர்கள் முன்கூட்டியே சொல்லிவிட்டார்கள். எடுத்தார்கள். போயிற்று. ஒனெலியா சூப் கொண்டுவந்து ஊட்டினாள். "இருபத்தாறு வருஷத்துல இப்பதான் நிம்மதியா இருக்கு. வாயத் தெறந்தா மூடமாட்ட" என்று கேலி செய்தாள். வெளியே போய் அழுதுவிட்டு வந்ததை மூக்கைப் பார்த்தே கண்டுபிடித்தேன்.

வீடு திரும்பி இரண்டு வாரம் கழித்து முதல் வியாழன். ரொட்டி வாங்கிக்கொண்டு அதே சீனச் சைக்கிளில் லியால்தாத் தெருவுக்குப் போனேன். அப்போதுதான் மழை விட்டிருந்தது. தெருவில் ஈ காக்கை இல்லை. பேஸ்பால் இறுதி ஆட்டம், ஊரே டிவி முன்னால். கீழே வந்து நின்ற பிறகுதான் உறைத்தது. எப்படிக் கூப்பிடுவது? வாயைத் திறந்தால் பூனை மூச்சு விடுகிற சத்தம்கூட வராது.

உதடு இருந்தது. விசிலுக்குக் குரல் தேவையில்லை. காற்று போதும். உதட்டைக் குவித்தேன். ஐந்து சுரமும் நாக்கு நுனியில் வந்து நின்றன. அடித்தால் மூன்றாவதில் சாவி விழும், எனக்குத் தெரியும். அந்த முகம் மறுபடி பால்கனிக்கு ஓடிவரும், அதுவும் தெரியும். உதட்டை மூடிக்கொண்டேன். ரொட்டியைக் கதவில் மாட்டிவிட்டுப் போய்விடலாம் என்று சைக்கிளைத் திருப்பினேன்.

பின்னால் தொப்பென்று ஏதோ விழுந்தது. பழுப்புச் சாக்ஸ். தேங்கிய மழைத்தண்ணீரில் கிடந்தது.

அண்ணாந்து பார்த்தேன். பால்கனியில் யாரும் இல்லை. முட்டுக்கொடுத்த படிகளில் எப்படி ஏறினேன் என்று தெரியாது. கதவு திறந்திருந்தது. ஒனெலியா அடுப்பின் முன், எனக்கு முதுகைக் காட்டிக்கொண்டு காப்பி போட்டுக்கொண்டிருந்தாள்.

"படியில மெதுவா வரக்கூடாதா? தையல் பிரிஞ்சுடப்போகுது" என்றாள் திரும்பாமல்.

பக்கத்தில் போய் அவள் காதோரம் மூச்சிலேயே கேட்டேன்: "நான் வந்தது எப்படித் தெரியும்?"

"என்ன கேள்வி இது? கூப்பிட்டியே. ரெண்டு தடவ கூப்பிட்ட..." என்று திரும்பியவள் என் கழுத்தைச் சுற்றியிருந்த துணிக்கட்டைப் பார்த்தாள். தன் வலது கையைத் தூக்கிப் பார்த்தாள், அது யாருடையதோ மாதிரி. சைக்கிளின் சங்கிலி மூடி தெருமுனையிலிருந்தே கிறீச்சிடும், அது காதில் விழுந்திருக்கலாம். இருக்கட்டும். காப்பி பொங்கி அடுப்பில் வழிந்தது. இரண்டு பேரும் அதை அணைக்கவில்லை.

மூக்கை உறிஞ்சிக்கொண்டு சொன்னாள்: "இனிமே கீழ நின்னு என்ன பண்ணுவ? அந்தச் சாவிய நீயே வெச்சுக்க, ரெய்."

ஆணிகளைப் பார்த்தேன். நீலச் சாக்ஸ் தன் இடத்தில் தொங்கிக்கொண்டிருந்தது. அதன் பக்கத்து ஆணியில், சொட்டச் சொட்ட நனைந்திருந்த பழுப்புச் சாக்ஸை மாட்டினேன். அவள் காதருகே மறுபடி குனிந்தேன்.

"வேண்டாம். நீயே போடு."